முழு மிட்டாய்

"இது பழைய ஆரஞ்சு மிட்டாயே இல்ல. ஊரை ஏமாத்துறீங்களா?" மகளுடன் வந்தவர் பொட்டலத்தைக் கடை மேசைமேல் வீசினார். "என் பொண்ணு வாயில வச்சதுமே துப்புறா!"

கடைக்காரருக்கும் சுர்ரென்று கோபம் ஏறியது. "அதே கம்பெனி, அதே ருசி சார். இப்பல்லாம் இதை எவன் விக்கிறான்? உங்க வீட்டுக்காரம்மா கேட்டாங்கன்னு அலைஞ்சு வாங்கி வச்சிருக்கேன். அவங்களையே வந்து சொல்லச் சொல்லுங்க!"

வந்தவர் பொட்டலத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டார்.

"அம்மா செத்துப்போயிட்டாங்க மாமா," என்றாள் சிறுமி. "அவங்க காக்கா கடி கடிச்சுப் பாதிதான் தருவாங்க. அப்பா முழுசா தர்றாரு."

அப்பா ஒரு மிட்டாயைக் கைக்குட்டைக்குள் வைத்துக் கடித்தார். பாதியை அவளிடம் நீட்டினார்.

அதை வாயில் ஒதுக்கிக்கொண்டு சிறுமி முறைத்தாள். "பெருசு உனக்காப்பா? இது அநியாயம்!"