வைக்கோல் பரப்பிய தெரு

சக்கரங்களின் கடகடப்பு சட்டென்று அடங்கியது. சர் ஆம்ப்ரோஸ் கெல்வேயின் வீட்டு வாசலில், தெருவின் அகலத்துக்கும் வைக்கோல் பரப்பியிருந்தார்கள். அன்று காலைதான் போட்டிருக்க வேண்டும். மஞ்சள் நிறம்கூட மங்கவில்லை.

"வைக்கோல் கிடக்கு. மனுஷன் இருக்கார்," என்றார் லார்ட் எவரார்ட் டோலண்ட். நோயாளியின் காதில் வண்டிச் சத்தம் விழக் கூடாது என்றுதானே அதைப் போடுவது. எவரார்டுக்கு மூச்சு திரும்பி வந்தது.

பக்கத்தில் இருந்த மேஜர் ப்ளைத்தின் முகம்தான் தொங்கிப்போனது. அவர் கட்சிக் கொறடா. எவரார்டின் பள்ளித் தோழர். "நீ எதுக்குப்பா சந்தோஷப்படறே? அவர் போயிருந்தா நீ அவருக்குக் கொடுத்த வாக்கும் அவரோட போயிருக்கும். நீ நேரா சபைக்கு வந்திருக்கலாம்."

"அடுத்தவன் சாவுக்காகக் காத்துக்கிட்டு நிக்கற குடும்பம் இல்ல எங்களுது."

திங்கட்கிழமை ஆம்ப்ரோஸ் படுக்கையில் விழுந்ததும், எவரார்டே வலியப் போய் அவர் கையைப் பிடித்தார். உங்களால் ஓட்டுப்போட வர முடியாது, நானும் போகமாட்டேன், இரண்டு ஓட்டும் சரிக்குச் சரி என்றார். எதிரெதிர்க் கட்சிக்காரர்களுக்குள் காலங்காலமாக இருக்கும் வழக்கம் அது. எழுத்து இல்லை, சாட்சி இல்லை. கொடுத்த கைதான் பத்திரம்.

அன்றைக்கு எவரார்டின் ஆளுங்கட்சிக்கு ஒன்பது ஓட்டு அதிகம். இன்று மதியம் ஐந்து பேர் எதிர்வரிசையில் போய் உட்கார்ந்துவிட்டார்கள்.

எவரார்ட் தூதராக இருந்து பதினொரு மாதம் பேசி முடித்த சமாதான ஒப்பந்தம் அது. அதை வேண்டாம் என்னும் தீர்மானம் மாலை ஆறு மணிக்கு ஓட்டுக்கு வருகிறது. நிறைவேறினால் ஜலசந்தியில் நிற்கும் கப்பல்கள் சுடத் தொடங்கும். முன்வரிசைக் கப்பலில் லெஃப்டினன்ட் ஹ்யூ டோலண்ட் இருந்தான். வயது இருபத்திரண்டு, எவரார்டுக்கு ஒரே பிள்ளை.

"ஒரே ஒரு ஓட்டு குறையுது," என்றார் ப்ளைத். "நீ வந்தா சமம். சமமானாலே தீர்மானம் செத்துடும். இறங்காதே, வண்டியை இப்படியே சபைக்கு விடச் சொல்றேன்."

"அவர் வாயால விடுவிக்கட்டும், வர்றேன்."

"உன் வீட்டு மானத்தை ஹ்யூவோட கல்லறையில செதுக்கப் போறியா?"

எவரார்ட் வண்டிக் கதவைத் திறந்தார். இறங்கும்போது கைத்தடி இரண்டு முறை நழுவியது.

வீட்டுக் கூடத்தில் விளக்கு ஒன்றுதான் எரிந்தது. ஆளுயரக் கடிகாரம் நாலு இருபது காட்டியது. அவர் பையிலிருந்து எடுத்த கடிகாரத்தில் ஐந்து அடிக்கப் பத்து நிமிஷம். நோய் கண்ட வீட்டில் சாவி கொடுக்க யாருக்கு நினைவிருக்கும் என்று எண்ணிக்கொண்டார்.

லேடி கெல்வே மாடிப்படியின் பாதியில் நின்றார். போர்வையைக் கழுத்துவரை இழுத்துப் போர்த்தியிருந்தார்.

"ரெண்டே நிமிஷம் அவரைப் பாக்கணும்," என்றார் எவரார்ட்.

"தூங்கறார். எழுப்ப மாட்டேன்."

"என் பையன் அந்தக் கப்பல்ல இருக்கான், லேடி கெல்வே. 'போ'ன்னு அவர் ஒரு வார்த்தை சொன்னாப் போதும். தலையை அசைச்சாலும் போதும்."

"உங்க ஒப்பந்தம் இந்த நாட்டுக்கே தலைகுனிவுன்னு சொல்றவர் அவர். உங்களுக்காகத் தலையை அசைப்பாரா?"

எவரார்ட் தொப்பியைத் தரையில் வைத்தார். முந்நூறு ஆண்டாக அரசர்களுக்கு முன் மட்டுமே மடங்கிய டோலண்ட் முழங்கால், முதல் படியில் மடங்கியது.

"எழுந்திருங்க! வேலைக்காரங்க பாக்கறாங்க." லேடி கெல்வேயின் குரல் உடைந்தது. "அவ்வளவு அவசரம்னா வாக்கை மீறிட்டுப் போக வேண்டியதுதானே? உங்களை யார் கட்டி வச்சிருக்கா?"

"அது என்னால முடிஞ்சா உங்க படியில வந்து எதுக்கு விழுறேன்?"

லேடி கெல்வே ஒரு படி கீழே இறங்கினார். ஏதோ சொல்ல வாயெடுத்தார். சொல்லாமல் திரும்பி மேலே போனார்.

எவரார்ட் வாசலுக்கு வந்து, "நீ போ, ப்ளைத். அவர் கண் முழிச்சா ஓடி வந்துடறேன்," என்றார்.

"உன்னைத் திட்டக்கூட எனக்கு நேரமில்ல," என்று ப்ளைத் வண்டிக் கதவை அடித்துச் சாத்தினார். வண்டி சத்தமில்லாமல் நகர்ந்தது.

கூடத்து நாற்காலியில் எவரார்ட் நிமிர்ந்து உட்கார்ந்தார். மேலே ஒரு இருமல், ஒரு முனகல் கேட்காதா என்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தார். ஐந்தரை. ஐந்தே முக்கால். தன் எதிரியின் உயிருக்காக அவர் அன்று வேண்டியதுபோல் வேறு எதற்கும் வேண்டியதில்லை.

பாராளுமன்ற மணிக்கூண்டு ஆறு அடித்தது. ஒவ்வொரு அடியும் ஹ்யூவின் பெயரைச் சொல்லி விழுந்தது.

ஆறரைக்கு ப்ளைத் வந்தார். கதவருகிலேயே நின்றுவிட்டார்.

"ஒரே ஓட்டுல போச்சு," என்றார்.

எவரார்ட் குனிந்து தொப்பியை எடுத்தார்.

படியில் பட்டு உரசும் ஓசை. லேடி கெல்வே இறங்கி வந்தார். போர்வை இல்லை. கழுத்திலிருந்து பாதம்வரை கறுப்பு.

"முடிஞ்சுதா?" என்று கேட்டார்.

"முடிஞ்சுது. அவர் எழுந்ததும் சொல்லுங்க, நான் வாக்கைக் காப்பாத்திட்டேன்னு."

லேடி கெல்வே அவர் முகத்தைப் பார்க்கவில்லை. ஆளுயரக் கடிகாரத்தைப் பார்த்தார். அதன் முட்கள் அசையாமல் அங்கேயே நின்றன. "அதை நிறுத்தினதே நான்தான்," என்றார்.

"'ஓட்டு முடியற வரைக்கும் நான் சாகக் கூடாது'ன்னு சொல்லிட்டு, விடியக்காலை நாலு இருபதுக்கே போயிட்டார்."