லோகேஸ் வாங்கிய கேம்கள்

நாற்பத்தொரு மணி நேரமாக அந்தப் பூட்டுகள் திரையில் தொங்கிக்கொண்டிருந்தன.

லோகேஸ்வரி வாங்கிய ஒவ்வொரு கேமின் மேலும் ஒரு பூட்டு. ஷாமளா வாங்கியவற்றின் மேல் ஒன்றுமில்லை.

வியாழன் மாலை ஷாமளா வேலை முடிந்து லூனாஸிலுள்ள வீட்டுக்கு வந்து கேம் கன்சோலைப் போட்டபோதுதான் முதலில் பார்த்தாள். ஏதோ கோளாறு என்று நினைத்து அணைத்து மறுபடி போட்டாள். பிறகும் பூட்டு. இன்று சனிக்கிழமை காலை. இன்னமும் பூட்டு.

கோளாறு இல்லை. அது அவளுக்குத் தெரியும்.

ஒருத்தி வாங்கிய கேம்கள், அவள் முதன்மை என்று குறித்த ஒரே ஒரு கன்சோலில்தான் யார் விளையாடினாலும் திறக்கும். லோகேஸ் ஷாமளாவின் கன்சோலைக் குறித்திருந்தாள். ஷாமளா லோகேஸின் கன்சோலைக் குறித்திருந்தாள். யார் எதை வாங்கினாலும் இருவருக்கும் கிடைக்கும். தான் வாங்கியதைத் தன் வீட்டில் ஆட மட்டும் இன்டர்நெட் லைன் வேண்டும். அதற்கென்ன, இரண்டு வீட்டிலும் லைன் இருந்தது.

மூன்று வருடத்துக்கு முன்னால், ஷாமளாவின் அண்ணன் யோகேந்திரன் லோகேஸுக்குத் தாலி கட்டிய அதே வாரத்தில் செய்துகொண்ட ஏற்பாடு அது.

"மாப்ள வீடு, பொண்ணு வீடெல்லாம் பெரியவங்க பாத்துக்கட்டும். நம்ம சம்பந்தம் இதுதான்டி," என்று லோகேஸ் சிரித்தாள்.

பல்கலைக்கழகத்தில் ஒரே அறையில் இருந்தவள். ஷாமளாதான் அவளை வீட்டுக்கு அழைத்து வந்து அண்ணனுக்குக் காட்டினாள். அண்ணனோடு அவளைப் பங்கு போட்டுக்கொண்டபோதுகூட ஷாமளாவுக்கு வலிக்கவில்லை. கன்சோலில் அவள் தனக்கு மட்டும் மிச்சம் இருந்தாள்.

இப்போது அந்தக் குறியை லோகேஸ் வேறொரு கன்சோலுக்கு மாற்றிவிட்டாள். பூட்டுக்கு வேறு அர்த்தமே கிடையாது.

யாருடைய கன்சோல் என்பதையும் ஷாமளா கண்டுபிடித்துவிட்டாள்.

ஷாஹீதா. லோகேஸோடு தொழிற்சாலையில் ஒரே பிரிவில் வேலை செய்பவள். சுங்கைப்பட்டாணியில் அவள் அப்பாவுக்குச் சாப்பாட்டுக் கடை. வியாழன் மதியம் அவள் ஒரு படம் போட்டிருந்தாள். கடை மேசையில் இரண்டு கிளாஸ் தே ஐஸ். லோகேஸின் கை, அந்தப் பச்சைக் கண்ணாடி வளையலோடு. படத்தின் ஓரத்தில் கன்சோலின் வெள்ளை மூலை.

ஷாமளா அந்த மூலையை விரல்களால் விரித்து விரித்துப் பார்த்திருந்தாள்.

இருவர் சேர்ந்து சமைக்கும் கேம் ஒன்று லோகேஸ் வாங்கியது. ஷாமளா நறுக்குவாள், லோகேஸ் அடுப்பைப் பார்ப்பாள். இனி ஷாஹீதா நறுக்குவாள். கடைக்காரர் மகள். நன்றாகத்தான் நறுக்குவாள்.

நேற்று அண்ணனுக்குப் போன் செய்து, அண்ணி எங்கே என்று கேட்டாள். ஓவர்டைம் என்றான். எல்லாரும் சேர்ந்து மறைக்கிறார்கள் என்று தோன்றியது.

"அந்தப் பொட்டியையே மொறச்சிக்கிட்டு உக்காரு. மாப்ள அதுக்குள்ளேர்ந்துதான் வரப்போறான்," என்றாள் அம்மா, சமையலறையிலிருந்து.

லோகேஸின் கன்சோலிலிருந்து தன் கேம்களைப் பிடுங்கிக்கொள்ள ஒரு பொத்தான் போதும். ஷாமளா செட்டிங்ஸில் அந்தப் பக்கம் வரைக்கும் போனாள். கட்டைவிரலைப் பொத்தான்மேல் வைத்தாள்.

குத்திக் காட்டாமல் பிடுங்குவதில் என்ன இருக்கிறது? போனை எடுத்தாள்.

மணி வெகுநேரம் அடித்தது.

"என்ன அண்ணி, புதுக் கூட்டாளி கெடைச்சிட்டாங்க போல?"

லோகேஸை அவள் அண்ணி என்று கூப்பிடுவதே கிடையாது.

"என்னடி சொல்ற?"

"ஷாஹீதா கன்சோல் நல்லா ஓடுதா லா?"

மறுமுனையில் எங்கோ ஒரு சேவல் கூவியது. லோகேஸின் குரல் விட்டு விட்டு வந்தது.

"அவகிட்ட ஏதுடி கன்சோல்? அது என்னோடது. அவ கடை லைன்ல போட்டு, குறிய என்னோடதுக்கே மாத்திக்கிட்டேன். லைன் இல்லாட்டி நீ வாங்கினதெல்லாம் எனக்குத் தொறக்கும், நான் வாங்கினது தொறக்காது. என்னோடதாவது என்கூட இருக்கட்டுமேன்னுதான். உன்கிட்ட சொல்லிட்டுச் செஞ்சிருக்கணும். சொல்ல வரல."

ஷாமளாவின் காதில் முதல் வரிதான் விழுந்தது. ஷாஹீதாவிடம் கன்சோலே இல்லை. யாரும் நறுக்கவில்லை. சிரிப்புகூட வந்தது.

"சனியனே, ரெண்டு நாளா தூங்கல தெரியுமா?"

"லோகேஸா?" அம்மா கரண்டியோடு எட்டிப் பார்த்தாள். "நண்டு வாங்கியிருக்கேன். மத்தியானம் ரெண்டு பேரையும் வரச் சொல்லு."

"கேட்டுச்சா? நண்டாம். அண்ணனையும் இழுத்துக்கிட்டு வா."



சேவல் மறுபடி கூவியது. பாக்கார் ஆராங்கில், அண்ணனின் அந்த மாடி வீட்டு வரிசையில், யாரும் கோழி வளர்ப்பதில்லை. போன மாதம்தான் அண்ணன் அங்கே புது லைன் போட்டான்.

லோகேஸின் அப்பா வீடு பாடாங் செராய் தாண்டி, தோட்டத்துக்குள்ளே இருக்கிறது. அங்கே போன் பிடிப்பதே பெரும்பாடு.

"லோகேஸ், நீ எங்க இருக்க?"

அம்மா இன்னும் சமையலறை வாசலில் நின்றுகொண்டிருந்தாள், பதிலை எதிர்பார்த்து.

"அத்தைகிட்ட நீயே சொல்லிடு, ஷாமு. உங்கண்ணன விட்டுட்டு வந்துட்டேன்."