அடுத்த பந்து

"அடுத்த பந்தை மட்டும் சரியாச் சொல்லிட்டா, கூடலூர் போயிட்டு வா. தப்பாப் போச்சுன்னா அந்தப் பேச்சே எடுக்கக் கூடாது" என்றார் அழகர்சாமி. கையில் இருந்த செல்போனில் கிரிக்கெட் ஓடிக்கொண்டிருந்தது.

சமையலறையில் மருமகள் சுகன்யா கலங்கி நின்றாள். கூடலூரில் அவள் அம்மா கால் முறிந்து படுத்திருந்தார். ஆனால், கல்யாணத்தில் சம்பந்தி வீட்டார் மரியாதை தரவில்லை என்று கோபப்பட்டு, "இனி அந்த ஊட்டுக்கு யாரும் போகக் கூடாது" என்று ஊர் அறியச் சொன்னவர் மாமனார். சொன்ன சொல்லை மாற்றிப் பழக்கமில்லாதவர்.

"என்ன அம்மிணி, சத்தத்தையே காணோம்?"

அரிசி டப்பாப் பக்கம் குனிந்து நிமிர்ந்தவள் சொன்னாள். "அவுட்டுங்க மாமா!"

செல்போனில் ஸ்டம்ப் பறந்தது.

"தோத்துட்டேன். பந்தயம்னா பந்தயந்தான். பாலா, அம்மிணியக் கூட்டிட்டுப் போ!"

துணிகளைப் பையில் அடுக்கும்போது கணவன் பாலன் கிசுகிசுத்தான். "எப்படிப் புள்ள சொன்னே?"

"ஏனுங்க, செல்லுல மேட்ச் கொஞ்சம் தாமதமாத்தான் வரும். ரேடியோவுல முன்னாடியே சொல்லிருவாங்க. அரிசி டப்பாவுக்குப் பின்னால ரேடியோ வெச்சிருக்கேன். மாமாகிட்டச் சொல்லிராதீங்க!"

கிளம்பும்போது அழகர்சாமி வாசலுக்கு வந்தார்.

"அந்த ரேடியோவையும் எடுத்துட்டுப் போ அம்மிணி. படுத்திருக்கற உங்கம்மாவுக்குப் பொழுது போகும். கரகரன்னு கேக்குதேன்னு நேத்துத்தான் புது பேட்டரி போட்டு வெச்சேன்."