மேசையில் நாலு பேர்

மவுஸின் முதுகைத் துடைத்தாள். திரை விழித்துக்கொண்டது.

பச்சை.

பச்சை மேசை. அதன்மேல் சீட்டுகள் பரப்பிக் கிடந்தன.

தினமும் மத்தியானம் கதவைச் சாத்திக்கொண்டு, நியூஸ் படிப்பதாகத்தான் மனுஷன் சொல்லிக்கொண்டிருந்தார். இந்த வயசில் வேறென்ன கண்றாவியைப் பார்க்கிறாரோ என்று அவளுக்கு உள்ளூர ஒரு பயம்கூட. பார்த்தால் சீட்டாட்டம்.

சிரிப்பு வந்தது. வந்த சிரிப்பு பாதியில் நின்றது.

சீட்டுகளுக்குப் பக்கத்தில் பெயர்கள் இருந்தன. ஆங்கில எழுத்து. கூட்டிக் கூட்டிப் படித்தாள்.

கீழே, தர்மலிங்கம். அவள் புருஷன்.

இடப்பக்கம், இளங்கோ.



அவள் மகன்.

இந்த வீட்டில் இனி அவன் பேச்சே காதில் விழக்கூடாது என்று சொன்னவர் அவர்தான். மாதா கோயில் தெருப் பெண்ணைக் கட்டிக்கொண்டு அவன் வாசலில் வந்து நின்ற அன்றைக்குச் சொன்னது. ஆறு வருஷமாகிறது. ஒருமுறை வாய் தவறி இவள் அவன் பெயரைச் சொல்லிவிட, பாதிச் சோற்றில் எழுந்து போனார். பால்காரனுக்கும் அதே பெயர்தான். அன்றிலிருந்து அவனைத் 'தம்பி' என்று கூப்பிடுகிறாள். பெற்றவள் வாய், பாவம், எப்படியெல்லாம் சுற்றிக்கொண்டு போக வேண்டியிருக்கிறது.

மேலே இன்னொரு பெயர்.

ஸ்டெல்லா.

நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள்.

வலப்பக்கம் பார்க்கவே பயமாக இருந்தது. பார்த்தாள்.

செண்பகம்.

அவள் பெயர்.

கட்டிக்கொண்டு வந்த நாளிலிருந்து அவர் வாயால் அதைச் சொல்லி அவள் கேட்டதில்லை. 'இந்தா', 'ஏய்', மிஞ்சிப்போனால் 'எங்க போய்த் தொலைஞ்ச.' அந்த மனுஷன் இங்கே உட்கார்ந்து ஒவ்வொரு எழுத்தாகத் தட்டியிருக்கிறார். மகன், மருமகள், பெண்டாட்டி, தான்.

நாலு பேரும் ஒரு மேசையில்.

கல்லு என்றல்லவா நினைத்திருந்தாள்.

முடிவெட்டப் போனவர் வர நேரமாகும். ஒரு சீட்டைத் தொட்டாள். அது ஏறிப்போய் நடுவில் விழுந்தது. மற்ற மூவருக்கும் கம்ப்யூட்டரே ஆளுக்கொன்று இறக்கியது.

அடுத்த சுற்றில் ஸ்டெல்லா கொஞ்சம் தயங்கினாற்போல இருந்தது.

"ம், போடும்மா."

மருமகளிடம் அவள் பேசிய முதல் வார்த்தை அது.

இரண்டு ஆட்டத்தில் சூட்சுமம் பிடிபட்டுவிட்டது. இஸ்பேட் ராணி யார் தலையில் விழுகிறாளோ, அவர் கணக்கில் பதிமூன்று ஏறும். ஏறினவர் தோற்றவர்.

மூன்றாவது ஆட்டத்தில் ராணி அவள் கைக்கே வந்து சேர்ந்தாள்.

யாரிடமாவது தள்ள வேண்டும்.

இளங்கோ டைமன் ராஜாவை இறக்கினான். இவளிடம் டைமனே இல்லை, எதை வேண்டுமானாலும் போடலாம். தள்ள நல்ல சமயம். மனசு வரவில்லை. வேறெதையோ போட்டாள்.

அடுத்து ஸ்டெல்லா வசமாக மாட்டினாள். ஊரான் வீட்டுப் பெண். எடுத்த எடுப்பில் அவள் தலையில் இதையா கட்டுவது? விட்டுவிட்டாள்.

அடுத்து செண்பகம். டைமன் ஆஸ்.

அப்பாடா என்றிருந்தது. நம் தலைதானே. போகட்டும்.

மவுஸ் அம்பை ராணியின்மேல் கொண்டுபோய் நிறுத்தினாள்.

"செண்பகத்துக்கிட்ட தள்ளாத."

திரும்பினாள். நிலைப்படியில் அவர். கழுத்தில் பவுடர், காதோரம் வெட்டின முடி. பின்பக்கமாகப் போய்க் குளித்துவிட்டுத்தான் வீட்டுக்குள் வருகிறவர்.

மாட்டிக்கொண்டது அவளா அவரா என்று அவளுக்குப் புரியவில்லை. ஆனாலும் அந்தப் பெயரை அவர் வாயால் கேட்டதில் முகமெல்லாம் சூடேறியது.

"நான்தான, தாங்கிக்கிறேன்."

அவர் தலையசைத்தார்.

"அது நீ இல்ல."

"பின்ன?"



"இளங்கோ மக. நாலு வயசு."

மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அதன் சத்தம் இவ்வளவு பெரியதென்று அவளுக்கு இதுவரை தெரியாது.

நாலு வயசு. அப்படியென்றால் பிறந்திருக்கிறது. தவழ்ந்திருக்கிறது, நடந்திருக்கிறது. இவருக்குத் தெரிந்திருக்கிறது. பக்கத்துத் தலையணையில் படுத்துக்கொண்டு, இவள் வைத்த குழம்பை ஊற்றிச் சாப்பிட்டுக்கொண்டு, இந்த மனுஷனுக்குத் தெரிந்திருக்கிறது.

திரையைப் பார்த்தாள். தாத்தா, மகன், மருமகள், பேத்தி.

அந்த மேசையில் அவள் இல்லவே இல்லை.

கையில் அகப்பட்டதை எடுத்து வீச வேண்டும் போலிருந்தது. கத்த வேண்டும் போலிருந்தது.  

எங்கேயோ ஒரு வீட்டில், விடிந்ததிலிருந்து பொழுது அடைகிற வரைக்கும் அவள் பெயரைத்தான் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார்கள். செண்பகம், பல் விளக்கு. செண்பகம், சட்டை போடு. செண்பகம், ஓடாதே, விழுந்திடுவே. ஸ்டெல்லாவும்தான் கூப்பிடுவாள். கொஞ்சிக்கூடக் கூப்பிடுவாள்.

ராணி அம்பின்கீழ் அப்படியே இருந்தாள். எந்தச் சீட்டும் நகரவில்லை. மூன்று பேரும் காத்திருந்தார்கள்.

கேட்க ஆயிரம் இருந்தது. எங்கே பார்த்தீர்கள், யார் சொன்னார்கள், என்னிடம் ஏன் சொல்லவில்லை.  கடைசியில் வெளியே வந்தது வேறு.

"யார் சாடை?"

அவர் மேலெல்லாம் முடியோடு, குளிக்காமல், படி தாண்டி உள்ளே வந்தார். கண்ணாடியைக் கழற்றி வேட்டியில் துடைத்து மாட்டிக்கொண்டார்.

பிறகு குனிந்து, முதல் தடவை பார்க்கிறவரைப் போல, அவள் முகத்தைப் பார்த்தார். நெற்றியை. மூக்கை. மோவாயில் இருந்த குழியை.