பின்னோக்கி வந்த ரயில்

"ஏலே சங்கரபாண்டி, இன்னையோட ஒம்பது நாளா இந்தக் கூத்து. எண்ணிக்கிட்டுத்தான் இருக்கேன்!"

டூரிங் டாக்கீஸ் முதலாளி ராமசுப்பு, ஆபரேட்டர் அறை வாசலில் நின்று கத்தினார்.

கூட்டத்தை இழுக்க அவரே ஆள் வைத்து எடுத்த மூன்று நிமிஷப் படம். பேச்சு கிடையாது. சங்கரன்கோவில் ஸ்டேஷனில் ஜனங்கள் ஏறுகிறார்கள். ரயில் புறப்பட்டுப் போகிறது. பெரிய படத்துக்கு முன்னால், கையால் சுற்றும் பழைய மிஷினில் காட்டுவார்கள்.

சங்கரபாண்டி முதலில் சரியாகத்தான் காட்டுவான். முடிந்ததும் கைப்பிடியைத் திருப்பிச் சுற்றுவான். போன ரயில் பின்னாலேயே வரும். புகை புகைபோக்கிக்குள் இறங்கும். ஏறினவர்கள் முதுகு முன்னே வர இறங்குவார்கள்.

தரை டிக்கெட்டில் ஒரே சிரிப்பு. "எதுவே நெசம்? போறதா, வாறதா?"

"ரீலைக் கழத்திச் சுத்தி வைக்க உனக்குச் சோம்பேறித்தனம். அதான் மிஷின்லயே நீ திருப்பிச் சுத்துதே" என்றார் முதலாளி. " நாளைக்கு நீ வரவேண்டாம்."

"சரி அண்ணாச்சி" என்றான் சங்கரபாண்டி. மிஷினைத் துடைத்து வைத்துவிட்டுப் போனான்.

மறுநாள் பெரிய படத்துக்குச் சிவகிரியிலிருந்து ஓர் ஆள் வந்தான். சின்னப் படத்தை முதலாளியே சுற்றினார். ரயில் போனது. ரீலைக் கழற்றப் போனார்.

வாசலில் முருகம்மாள் நின்றாள். ஸ்டேஷன் பக்கம் கடலை விற்கிறவள்.

"மொதலாளி, ரயிலு திரும்பி வரலியே?"

"அது ஆபரேட்டர் சோம்பேறித்தனம்."

"இல்லய்யா, நாந்தான் கேட்டேன். தலையில துண்டு கட்டிக்கிட்டு ஏறுதானே, அவன் எம்மகன் உச்சிமாகாளி. பம்பாய் மில்லுக்குப் போனான். அங்கனயே காய்ச்சல்ல செத்துட்டான். ஊரு சிரிக்கும், யார்ட்டயும் சொல்லாதேன்னு சங்கரபாண்டிகிட்ட சத்தியம் வாங்கியிருந்தேன்."

முதலாளி தயங்கினார். "திரும்பி வாரது நெசமில்லைன்னு தெரியும்லா?"

"தெரியும்யா. ஏறிப் போனதுதான் நெசம். ஆனா எறங்கி வாரதையும் ஒருவாட்டி பாத்துட்டுப் போனா, ரெண்டு வாய் சோறு திங்க முடியுது."

முதலாளி கைப்பிடியைப் பிடித்தார். திருப்பிச் சுற்றினார்.

ரயில் பின்னாலேயே வந்தது. தரை டிக்கெட் சிரித்தது. துண்டு கட்டினவன் பிளாட்பாரத்தில் கால் வைத்ததும், முருகம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு புறப்பட்டாள்.

சிவகிரி ஆளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. "என்ன மொதலாளி, ரீல் சுத்தச் சோம்பேறித்தனமா?"

"ஆமா வே" என்றார் ராமசுப்பு. "என்னைவிடப் பெரிய சோம்பேறி ஒருத்தன் இருக்கான். நாளைக்கு அவனே வந்து சுத்துவான்."