துருவிழுங்கி

“பூட்டை உடைச்சிடுங்க! என்ன ஆனாலும் நான் பார்த்துக்கறேன்!”

அங்கே இருந்தவர்கள்: இப்படிக் கத்திய அம்மா, தலையில் கை வைத்திருந்த அக்கா, கருவிப் பையோடு வந்த பூட்டுக்காரர். கதவுக்கு அந்தப் பக்கம் தம்பி. நிச்சயித்த கல்யாணம் நின்றுபோன நாளிலிருந்து அவன் வீட்டு வாசலைத் தாண்டியதில்லை. இன்று சாப்பாட்டுக்குக்கூட அறைக்கதவைத் திறக்கவில்லை.

“உள்ளே என்ன பண்றார்?” என்று கேட்டார் பூட்டுக்காரர்.

“வேலைங்கிறான். எப்ப எட்டிப் பார்த்தாலும் திரையில அந்த ஜந்து பிடிக்கிற விளையாட்டுதான்” என்றாள் அக்கா.

பூட்டுக்காரர் உளியைக் கீழே வைத்தார். உடைத்தால் கதவு திறக்கும், ஆள் வரவேண்டுமே? அவர் மகளும் சோறு தண்ணி மறந்து ஆடுகிற விளையாட்டுதான் அது. கொஞ்சம் கதை அளந்து பார்ப்போம் என்று தொண்டையைச் செருமினார்.

“தம்பி! புதுப் பதிப்பு வந்துடுச்சாமே? சில ஜந்துங்க இனி வீட்டுக்குள்ள மாட்டாதாம். தெருவுல நடந்தாத்தான் வருமாம்.”

உள்ளே நாற்காலி கிரீச்சிட்டது. “யார் சொன்னது?”

“என் பொண்ணு. என் கடை வாசல்லயே ஒண்ணு பிடிச்சா. பேரு... துருவிழுங்கி.”

“எப்படி இருக்கும்?”

பூட்டுக்காரர் திருதிருவென விழித்தார். ‘விடாதீங்க’ என்று அக்கா கை காட்டினாள்.

“ஆமை மாதிரி. முதுகுல ஓட்டுக்குப் பதில் பழைய பூட்டு. துருவைத் தின்னும். தின்னத் தின்ன மினுங்கும்.”

“கோபம் வந்தா?”

“தன்னைத்தானே பூட்டிக்கும். என் மாமியார் மாதிரி.”

“சாவி?”

“வால்தான் சாவி. ஆனா அது முதுகுக்கு எட்டாது. இன்னொண்ணு வந்துதான் திறந்துவிடணும்.”

‘கல்யாணத்தை ஞாபகப்படுத்திக் கெடுத்தீங்களே’ என்பதுபோல் அம்மா முறைத்தாள்.

உள்ளே சாவி திரும்பியது. தாடியும் பரட்டைத் தலையுமாக வந்தவன், நேராகப் போய்ச் செருப்பைத் தேடினான். அம்மாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

வாசல்படியில் பூட்டுக்காரருக்கு மனசு உறுத்தியது. “தம்பி, கோவிச்சுக்காதீங்க. அப்படி ஒரு ஜந்தே கிடையாது.”

“தெரியும்ணே. அந்த விளையாட்டுக்கு ஜந்து வரைஞ்சு கொடுக்கிறதுதான் என் வேலை. கல்யாணம் நின்னதுலேர்ந்து ஒண்ணுகூடக் கைக்கு வரலை. உங்க கடையில பழைய பூட்டு இருக்குமில்ல? வாங்க, பார்த்து வரையணும்.”

போன சுருக்கில் திரும்பிவிடப் போகிறானே என்று, அம்மா அவன் பின்னாலேயே வாசற்கதவைச் சாத்திப் பூட்டினாள்.