பொட்டு ஈரமில்லாமல்

அந்த ஆற்றில் எது விழுந்தாலும் மறுநாள் காலை படித்துறைக்கு வந்து சேர்ந்துவிடும், அதுவும் பொட்டு ஈரமில்லாமல். குடை, செருப்பு, பல்செட்டு என்று வந்ததையெல்லாம் உரியவரிடம் ஒப்படைப்பதுதான் அவள் வேலை. இத்தனை வருஷத்தில் ஆறு ஒரு பொருளைக்கூட மாற்றிக் கொடுத்ததில்லை.

அன்று அவள் கிளம்பும்போது, படகோட்டியான அவள் கணவன் குழந்தைக்குத் தலை வாரிவிட்டுக்கொண்டிருந்தான். முந்தின நாள் மாலை தொப்பலாக நனைந்து வந்தவன். இரண்டு துண்டு மாற்றித் துவட்டியும் அவன் முடியிலிருந்து இன்னும் தண்ணீர் சொட்டியது.

"சளி பிடிச்சா என்கிட்ட வந்து நிக்காதீங்க," என்று சொல்லிவிட்டு வந்தாள்.

படித்துறையின் கடைசிப் படியில் ஒரு குடையும் ஒற்றைச் செருப்பும் கிடந்தன. பக்கத்தில் அவள் கணவன் உட்கார்ந்திருந்தான். சட்டை மொடமொடவென்று காய்ந்திருந்தது.

"நேத்து சாயங்காலம் படகு கவிழ்ந்துடுச்சு. நான் வரலேன்னு ராத்திரியெல்லாம் தவிச்சுப் போயிருப்பே."

அவள் மெதுவாக அவன் தலையைத் தொட்டுப் பார்த்தாள். ஈரமே இல்லை.

"ஏன் இப்படிப் பார்க்கறே?" என்றான் அவன். "சரி, நீ இங்க வந்துட்டியே, பாப்பா யார்கிட்ட இருக்கா?"